நாலு பாயும் ஒரு வாளியும்

எங்கள் படத்துக்கு முதலில் 'செல்' என்றுதான் பெயர் வைத்திருந்தோம். நாலு மறியற்காரர் ஒரே அறைக்குள் இருக்கும் கதை, பெயர் பொருத்தம் என்று எங்களுக்குள் ஒரே சந்தோசம். நடிக்க வந்த பெடியன் ஒருவனின் அம்மாவிடம் அனுமதி கேட்கப் போய், "அன்ரி, செல்லுக்குள்ள நாலு பேர் இருக்கிற கதை" என்று தொடங்கியதும் அவர் முகம் மாறிவிட்டது. "ஏன் தம்பி, திருப்பியும் செல்லடியோ?" என்றார். வன்னியில் செல் என்றால் வானத்திலிருந்து விழும் எறிகணை. அதை யோசிக்காமல் இரண்டு கிழமை அந்தப் பெயரோடு திரிந்திருக்கிறோம். எங்கள் ஊரில் சிறைக்கு ஏற்கெனவே சொல் இருக்கிறது, மறியல். அன்றைக்கே பெயரை மாற்றினோம்.

நான் கிளிநொச்சியில் கலியாண வீடு, சாமத்திய வீடு, கோயில் திருவிழா என்று வீடியோ எடுத்துப் பிழைப்பவன். கமரா சொந்தம், இரண்டு லைற் சொந்தம், மிச்சமெல்லாம் இரவல். 2023 ஆனி, ஆடி மாதங்களில் நண்பர்கள் மூன்று பேரோடு சேர்ந்து 24 நிமிடப் படம் ஒன்றை எடுத்தேன். மணல் ஏற்றிப் பிடிபட்ட ட்ராக்ரர் சாரதி, காட்டுக்குள் முதிரை மரம் அரிந்து பிடிபட்ட ஒரு வயதானவர், கசிப்பு வழக்கில் வந்தவர், நீதிமன்றத் தவணைக்குப் போகாமல் விட்டதால் பிடியாணையில் வந்த ஒரு பெடியன். இந்த நாலு பேரும் ஒரு மறியல் அறையில் கழிக்கும் சில நாட்கள்தான் கதை. செலவு 84,000 ரூபாய். அதில் பாதிக்கு மேல் ஒரே வேலையை இரண்டாம் தரம் செய்ததில் போனது. அந்த இரண்டாம் தரம் ஏன் வந்தது என்று எழுதி வைத்தால், இப்படி ஒரு படம் எடுக்க நினைக்கும் வேறு யாருக்காவது அந்தப் பாதிக் காசு மிஞ்சும்.

பரந்தன் பக்கம் மாமாவுக்கு ஒரு நெல் களஞ்சியம் இருக்கிறது. சிறுபோக நெல் மூட்டை வரும்வரை அது வெறுமையாகக் கிடக்கும். "அறுவடை மெஷின் வயலுக்க இறங்கின அண்டைக்கு நீங்கள் வெளிக்கிட்டிட வேணும்" என்பது மாமாவின் நிபந்தனை. களஞ்சியத்தின் ஒரு மூலையில் இருந்த இரண்டு கல்லுச் சுவர்களை அப்படியே எடுத்துக்கொண்டு, மற்ற இரண்டையும் மரச்சட்டத்தில் ஒட்டுப்பலகை அடித்துச் செய்தோம். அதற்கு மேல் சீமெந்துத் தண்ணி பூசி, தேயிலைச் சாயமும் அடுப்புக் கரியும் தேய்த்தால் பலகை என்று ஒருவரும் சொல்ல மாட்டார்கள். அந்த வேலையில் எனக்கு இப்போதும் பெருமைதான். பிழைத்தது அளவு. கமரா வைக்க, லைற் வைக்க, ஒலி பிடிப்பவன் நிற்க எல்லாம் இடம் வேண்டும் என்று கணக்குப் போட்டு 14 அடிக்கு 12 அடியாகக் கட்டியிருந்தோம்.

கட்டி முடித்த பிறகுதான் ஐயாவைக் கூட்டி வந்தோம். பெயர் போட வேண்டாம் என்று சொல்லிவிட்டார், அதனால் ஐயா. பயங்கரவாதத் தடைச் சட்டத்தில் பிடிபட்டுப் பல வருடம் உள்ளே இருந்தவர். 1979 இல் தற்காலிகம் என்று கொண்டுவந்து 1982 இல் நிரந்தரமாக்கிய சட்டம் அது. அமைச்சரின் ஒரு கட்டளையில் மூன்று மூன்று மாதமாக நீட்டிப் பதினெட்டு மாதம் வரை வழக்கில்லாமலே வைத்திருக்கலாம் என்று இருந்தது. 2022 இல் அதைப் பன்னிரண்டு மாதமாகக் குறைத்தார்கள். அந்தக் காலம் முடிந்த பிறகும் வழக்கு, தவணை என்று இழுபட்டு வந்தவர் இவர்.

ஐயா சைக்கிளை வேம்பில் சாத்திவிட்டு வந்து களஞ்சியப் படியிலேயே நின்று பார்த்தார். உள்ளே வரவில்லை.

"என்ன தம்பி, வாடகைக்கு விடப் போறியளோ?"

எங்களுக்குச் சிரிப்பும் வந்தது, கோபமும் வந்தது. அன்றிரவு போனில் தேடிப் பார்த்தேன். கூட்டாக அடைத்து வைக்கும் அறையில் ஆளுக்கு 3.4 சதுர மீற்றர் இருக்க வேண்டும் என்பது சர்வதேச செஞ்சிலுவைக் குழுவின் பரிந்துரை. நாலு பேருக்கு 13.6. நாங்கள் கட்டியது ஏறத்தாழ 15.6 சதுர மீற்றர். சர்வதேச தராதரத்துக்கும் மேலான ஒரு மறியலைப் பரந்தனில் கட்டி வைத்திருக்கிறோம். இலங்கை மனித உரிமைகள் ஆணைக்குழு 2020 இல் வெளியிட்ட சிறைச்சாலை ஆய்வில், இடமில்லாமல் முறை வைத்து நித்திரை கொள்வதும் கழிப்பறைப் பக்கம் படுப்பதும் எழுதப்பட்டிருக்கிறது. அதை நான் கட்டுவதற்கு முதல் வாசித்திருக்க வேண்டும். கட்டிய பிறகு வாசித்தேன்.

பிறகொரு நாள் ஐயா வெண்கட்டி கேட்டார். தரையில் கோடு போட்டு, எங்கள் நடிகர்கள் நாலு பேரையும் படுக்கச் சொன்னார். தோளோடு தோள் முட்ட ஆளுக்கு ஒன்றரை அடி. நாலு பேருக்கு ஆறடி. நீளத்துக்கு எட்டடி, அதில் கால்மாட்டில் மிஞ்சும் இரண்டடிக்குள் தண்ணிக் கான், உடுப்புப் பை, வாளி. "உங்கட நாலு பேருக்கு இது காணும். நாங்கள் இருந்தது இதைவிடக் கொஞ்சம் பெரிசு, ஆனா சில நாள் ஒன்பது பேர், சில நாள் பன்னிரண்டு" என்றார். 8 அடிக்கு 6 அடி. செஞ்சிலுவைக் கணக்கில் மூன்றில் ஒன்று. இரண்டு சுவர்களையும் கழற்றி வெட்டித் திரும்ப அடித்தோம். நீங்கள் கட்ட முதல் வெண்கட்டியால் கீறி ஆட்களைப் படுக்க வைத்துப் பாருங்கள், பத்து ரூபாய்க்குள் முடிந்துவிடும்.

படுக்கிற ஒழுங்கையும் அவர்தான் சொல்லித் தந்தார். சுவரோரம் முதலில் வந்தவனுக்கு. ஒரு பக்கம் மனுசர் முட்டாது, அதுதான் அங்கே பெரிய சொத்து. புதிதாக வருபவனுக்குக் கடைசி இடம், அவன் கால்மாட்டில் வாளி. யாராவது பிணையில் போனால் எல்லோரும் ஓரிடம் தள்ளிப் படுப்பார்கள். இரவில் ஒருவன் திரும்பினால் மற்றவர்களும் திரும்ப வேண்டும். "ஒருத்தன் 'மாறு' எண்டு சொல்லுவான். நித்திரையிலேயே எல்லாரும் மாறுவம்."

இதைக் கேட்டபோது எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. 2009 இல் எனக்குப் பதின்மூன்று வயது. செட்டிகுளம் மெனிக் பாம் இடம்பெயர்ந்தோர் முகாமில் ஒரு தறப்பாள் கொட்டிலுக்குள் இரண்டு குடும்பம், பதினொரு பேர். பெரியம்மா இடையில் எழும்பி "திரும்புங்கோ பிள்ளையள்" என்பா, வரிசையாகத் திரும்புவோம். எந்தப் பக்கம் படுத்தால் தறப்பாளில் வேர்க்கும், எந்தப் பக்கம் வெள்ளம் வரும், யாருக்கு எந்த இடம் என்றெல்லாம் எனக்கு அத்துபடி. அப்படியிருந்தும் மறியல் என்று எழுதக் குந்தியதும் பேனாவில் வந்தது தமிழ்நாட்டுப் படங்களில் பார்த்த சிறைதான். நீலவெளிச்சம், புகை, கம்பியைப் பிடித்துக்கொண்டு அழுகிற கதாநாயகன்.

அந்த எழுத்தில் இன்னொரு காட்சியும் இருந்தது. சுவரில் ஆணியால் கோடு கீறி நாள் எண்ணுவது. ஐயா அதை வாசித்துவிட்டுத் தாளை மடித்துத் தந்தார். "நாளை எண்ணினா விசர் பிடிக்கும். தவணையைத்தான் எண்ணுறது." பதினாலு நாளுக்கொருமுறை நீதிமன்றம். அன்றைக்கு பஸ், தெருவெளிச்சம், வாசலில் நிற்கும் வீட்டுக்காரர். திரும்ப வந்ததும் அடுத்த தவணைக்கு என்ன சேட் போடுவது என்ற கதை தொடங்கிவிடும். அந்தச் சுவர்க்கோட்டுக் காட்சியை வெட்டிவிட்டு, சேட்டை மடித்துத் தலைக்கடியில் வைத்து 'அயன்' பண்ணும் காட்சியைப் போட்டோம். பார்த்தவர்கள் அதிகம் கதைத்தது அந்தக் காட்சியைத்தான்.

இப்படி அவர் வாயைத் திறக்க வைத்தது எங்கள் கெட்டித்தனம் இல்லை. முதல் நாளே நான் கேட்ட கேள்வி "ஐயா, கனக்க அடிச்சவங்களோ?" என்பது. அவர் தேத்தண்ணியைக் குடித்து முடித்து, கோப்பையைக் கழுவி வைத்துவிட்டுப் போய்விட்டார். மூன்று நாள் வரவில்லை. நாலாம் நாள் வீட்டுக்குப் போய் மன்னிப்புக் கேட்டேன், வேறு எதைக் கேட்பதென்று தெரியாமல், "சவர்க்காரத்தை எங்க வைக்கிறனியள்?" என்று கேட்டுவிட்டேன். மனுசன் எழும்பி உள்ளே போய் ஒரு சவர்க்காரக் கட்டியும் தையல் நூலும் எடுத்து வந்தார். நூலின் இரண்டு முனையையும் விரலில் சுற்றி, கட்டிக்கு அடியில் கொடுத்து, குறுக்காக இழுத்தார். வெண்ணெய் மாதிரி இரண்டாகியது. இன்னொருமுறை இழுக்க நாலு. "பிளேட்டால வெட்டினாத் தூள் கொட்டும். தூள் யாருக்கு எண்டு சண்டை வரும்." தன் துண்டை ஒரு பொலித்தீனில் சுற்றிப் பாயின் மூலைக்குள் செருகுவதாகச் செய்து காட்டினார். அதன் பிறகு நான் அடியைப் பற்றிக் கேட்கவே இல்லை. சாமான்களைப் பற்றித்தான் கேட்டேன். சிலவேளை அவராகவே மற்றதையும் சொன்னார், அவை படத்தில் இல்லை. அவர் வந்த ஒவ்வொரு நாளுக்கும் மேசன் கூலி அளவு காசு கொடுத்தோம். முதலில் வாங்க மறுத்தார். நடிக்கிற பெடியன்களுக்குக் கொடுக்கிறோம்தானே என்றதும் வாங்கினார். உதவி என்று வருபவரிடம் நாள்முழுக்க அவர் வாழ்க்கையை உருவிக்கொண்டு தேத்தண்ணியோடு அனுப்புவது சரியில்லை என்று நினைக்கிறேன்.

வெளிச்சத்துக்கும் அவர்தான் வாத்தியார். "லைற் நிப்பாட்டவே மாட்டாங்கள். இரவு முழுக்க எரியும். துவாயைக் கண்ணுக்கு மேல போட்டுத்தான் படுக்கிறது." நீல வெளிச்சத்தைத் தூக்கி வைத்துவிட்டு, கூரையில் ஒரே ஒரு எல்ஈடி குமிழ். அது வேறு பிரச்சினை தந்தது. மலிவுக் குமிழில் படம் முழுக்கக் கறுப்புப் பட்டி ஓடியது. எங்கள் மின்சாரம் 50 ஹேர்ட்ஸ். கமராவின் சட்டர் வேகத்தை ஒரு செக்கனின் 50 இல் ஒன்றுக்கோ 100 இல் ஒன்றுக்கோ வைத்தால் பட்டி நின்றுவிடும். கலியாண வீட்டில் மண்டப லைற்றுக்கு வழமையாகச் செய்வதுதான், 'சினிமா' எடுக்கிறோம் என்ற பதற்றத்தில் மறந்து அரை நாளை விட்டோம்.

சின்ன இடம் என்றதும் அகல லென்ஸ் போடத்தான் கை போகும். நானும் 18 மில்லிமீற்றர் லென்ஸ் போட்டேன். எட்டடி அறை பாடசாலை மண்டபம் மாதிரி விரிந்தது. அகல லென்ஸ் இடத்தைக் கூட்டிக் காட்டும், காணி விற்பவர்கள் வீட்டுப் படத்தை அப்படித்தான் எடுக்கிறார்கள். கடைசியில் ஒரு பலகைச் சுவருக்குப் பிணைச்சல் அடித்து, கதவு மாதிரித் திறந்து, கமராவை வெளியே பன்னிரண்டு அடி தள்ளி வைத்து 50 மில்லிமீற்றர் லென்ஸில் எடுத்தேன். ஆட்கள் ஒருவருக்கு மேல் ஒருவர் ஏறி இருக்கிற மாதிரி வந்தது. அந்தச் சுவர் திறந்து கிடக்கும்போது மட்டும் ஐயா உள்ளே வந்து இருப்பார். மூடினால் எழும்பி வெளியே போய்விடுவார். இதை நான் மூன்றாம் நாள்தான் கவனித்தேன். பிறகு அவர் நிற்கும் நேரத்தில் மூடியதில்லை.

கதவுக்குப் பிவிசி குழாயில் கம்பி செய்து கறுப்பு மை அடித்திருந்தோம். பார்வைக்கு நல்ல இரும்பு. மணல்காரனாக நடித்தவன் ஆவேசமாகப் பிடித்து உலுக்க, அது தும்பிக்கை மாதிரி வளைந்தது. அதைவிட, தட்டினால் 'டொக்' என்றது. வெல்டிங் கடையில் அரை அங்குலக் கம்பியில் சின்னக் கதவொன்று செய்வித்ததில் 11,000 போயிற்று, ஆனால் அந்த ஒரு சத்தத்துக்காகவே கொடுக்கலாம். ஐயா சொன்னது, உள்ளே எல்லாம் காதால்தான் தெரியும். திறப்புக் கோர்வையின் சத்தத்திலேயே எந்தக் காவலர் வருகிறார், நல்லவரா கெட்டவரா, சாப்பாடா சோதனையா என்று பிடித்துவிடுவார்களாம். அதனால் காவலர் முகத்தைப் படம் முழுக்கக் காட்டாமல், மூன்று விதமான திறப்புச் சத்தத்தை வைத்தோம். நடிகர் செலவும் மிச்சம்.

சத்தத்தில் எங்களைக் கொன்றது மயில். வன்னியில் படம் எடுக்கிற எல்லோருக்கும் சொல்கிறேன், காலை எட்டு மணிக்கு முதலும் மாலை நாலு மணிக்குப் பிறகும் வசனக் காட்சி வைக்காதீர்கள். மத்தியானம் சோளகக் காற்றில் கூரைத் தகரம் அடிக்கும். அதற்கு மேலே மணல் மூட்டை வைக்கலாம், மயிலுக்கு மருந்தில்லை. பலகைச் சுவரின் வெளிப்பக்கம் மாமாவின் வெறும் நெல் சாக்குகளை இரட்டையாகத் தொங்கவிட்டதில் எதிரொலி நன்றாகக் குறைந்தது.

ஒரு பெரிய பிழையும் விட்டேன். நடிகர்களுக்கு 'உணர்வு' வரட்டும் என்று போன்களை வாங்கி வைத்துவிட்டு, இரண்டு மணித்தியாலம் உள்ளே விட்டு வெளியே பூட்டினேன். அரை மணித்தியாலத்தில் பிடியாணைப் பெடியனாக நடித்தவன் மூச்சு வாங்கத் தொடங்கினான். நான் தேத்தண்ணிக் கடையில். திறப்பு என் பொக்கற்றில். நண்பன் பலகைச் சுவரை உதைத்து விழுத்தித்தான் அவனை வெளியே எடுத்தான். அவன் குடும்பத்தில் யார் எங்கே இருந்தார்கள் என்று நான் கேட்டிருக்க வேண்டும், இந்த ஊரில் அது கேட்டுத் தெரிய வேண்டிய விசயம்கூட இல்லை. அதன் பிறகு கமராவுக்கு மட்டும்தான் பூட்டு, திறப்பு எப்போதும் உள்பக்க ஆணியில் தொங்கும். ஒன்றாக இருக்கிற பழக்கத்துக்குப் பூட்டே தேவைப்படவில்லை. மூன்றாம் நாள் காலை "அவன்ர கால் என்ர பாயில" என்று இரண்டு பேர் உண்மையாகவே சண்டை பிடித்தார்கள். எழுதி வைத்த வசனத்தைக் கிழித்துவிட்டு அதையே எடுத்தேன்.

இடையில் ஒரு கிழமை மழைக்குணமும் கரண்ட் வெட்டும். அந்த நாட்களில் வீட்டில் ஒரு பழைய பிரெஞ்சுப் படத்தை எல்லோருமாகப் பார்த்தோம். ஜாக் பெக்கர் இயக்கி 1960 இல் வந்த 'லெ த்ரூ'. பாரிஸின் லா சாந்தே சிறையில் 1947 இல் நடந்த தப்பியோடும் முயற்சிதான் கதை. நாலு பேர் இருக்கும் அறைக்குள் ஐந்தாவதாக ஒருவன் வந்து சேருகிறான், அவனிடம் சொல்லலாமா கூடாதா என்பதிலேயே படம் நகருகிறது. அந்த முயற்சியில் உண்மையாக ஈடுபட்ட ஜான் கெரோதி என்பவரே அதில் நடித்திருக்கிறார். கொங்கிறீற் தரையை இரும்புத் துண்டால் உடைக்கும் காட்சியை வெட்டாமல் நிமிடக்கணக்கில் காட்டுகிறார்கள், பின்னணி இசை இல்லை, கை மாறி மாறிக் குத்துகிறது. எங்கள் ஒலிக்காரன் அதற்குப் பிறகுதான் நான் போட்டு வைத்திருந்த வயலின் இசையைத் தூக்கச் சம்மதித்தான். சரியாகச் சொன்னால், நான்தான் சம்மதித்தேன்.

அந்தப் படத்தில் வீட்டிலிருந்து வந்த பார்சலைக் காவலர் சோதிக்கும் இடம் ஒன்று வரும். ஒரே கத்தியால் எல்லாச் சாப்பாட்டையும் வெட்டி வெட்டிப் பார்ப்பார். தேத்தண்ணி கொண்டு வந்த ஐயாவின் மனிசி அதில் நின்றுவிட்டார். "இதுதான், இதுதான்" என்றார். அவருக்குப் பிரெஞ்சும் தெரியாது, கீழே ஓடிய இங்கிலீசும் தெரியாது. பிறகு குசினியில் வைத்துச் செய்து காட்டினார். முழு மீன் பொரித்துக் கொண்டு போனால் பிய்த்துப் பார்ப்பார்கள், பிய்த்த மீன் வெக்கையில் நாறிவிடும். அதனால் வீட்டிலேயே முள் எடுத்து உதிர்த்து, மிளகாய்த்தூள் போட்டு வறுத்து, பரப்பிக் கட்டுவாராம். புட்டைக் குழலில் அவித்த வடிவத்தில் கொண்டு போகாமல் உதிர்த்துத்தான் கொண்டு போவது. "அவங்கள் குத்திப் பாக்க ஒண்டும் மிச்சம் விடக்கூடாது. நான் முந்தியே குத்திப்போடுவன்." வெளியே இருந்து படம் எடுக்க நினைப்பவர்கள் உள்ளே இருந்தவரை மட்டும் தேடாமல், பார்சல் கட்டியவரையும் தேடுங்கள். உதிர்த்த புட்டுப் பார்சல் ஒன்று எங்கள் படத்தில் கையிலிருந்து கைக்கு மாறுகிறது, வசனமே இல்லாமல்.

படத்தைப் புரட்டாதியில் பொதுநோக்கு மண்டபத்தில் காட்டினோம். அறுபது பேரளவில் வந்தார்கள். தியேட்டர் மாதிரி இருட்டு வேண்டும் என்று யன்னலுக்கெல்லாம் தறப்பாள் கட்டி, கதவையும் சாத்தி வைத்திருந்தேன். முதலாவது திறப்புச் சத்தத்திலேயே ஒரு அக்கா எழும்பி இருட்டில் தடவித் தடவிக் கதவைத் தேடினார். என் புத்தி அவ்வளவுதான். படத்தை நிற்பாட்டி, கதவைத் திறந்து, பின்பக்க லைற்றையும் போட்டு, "இப்படி இப்படிச் சத்தம் வரும், வெளியில போக விரும்பினா போகலாம், படம் 24 நிமிசம்தான்" என்று சொல்லித் திரும்பத் தொடங்கினோம். திரை கொஞ்சம் வெளிறித்தான் தெரிந்தது. அதற்குப் பிறகு காட்டிய இரண்டு இடத்திலும் அப்படியே செய்தோம், கதவுக் கம்பிச் சத்தத்தையும் பாதியாகக் குறைத்தோம்.

ஐயா மண்டபத்துக்குள் வரவில்லை. திறந்த கதவுக்கு வெளியே சைக்கிளைப் பிடித்தபடி நின்று முழுவதும் பார்த்தார். கடைசிக் காட்சியில் முதிரைக்காரருக்குப் பிணை கிடைத்துவிடும், சுவரோர இடம் வெறுமையாகும். மற்றவர்கள் ஒன்றும் கதைக்காமல் பாயை இழுத்து ஓரிடம் தள்ளிப் படுப்பார்கள், வாளியடிப் பெடியனும் தள்ளிப் படுப்பான்.

சனம் கலைந்த பிறகு அவரிடம் போனேன்.

"அந்தப் பெடியன் தள்ளிப் படுத்தான் பாரும், அது சரி" என்றார். பெடலில் கால் வைத்து ஏறப் போனவர் திரும்பினார். "தம்பி, வாளிக்கு மூடி போடேல்லை. மூடி இல்லாமல் ஒரு நாளும் இருக்கேலாது."

வீட்டுக்கு வந்து ஒவ்வொரு காட்சியாக ஓட்டிப் பார்த்தேன். ஒன்றில்கூட மூடி இல்லை.